‘எல்லார் பேரையும் சேருங்க’

ஊரில் அடிதடி நடந்து ஓர் உயிர் போய்விட்டால், காவல் நிலையத்தில் புகார் எழுதும்போதே ஒரு குரல் எழும்: “அவன் அண்ணன், தம்பி, மச்சான், எல்லார் பேரையும் சேருங்க. ஒருத்தனையும் விடாதீங்க.” பிணத்தை அரசு மருத்துவமனையில் போட்டுவிட்டு வந்தவர்கள் அப்படிச் சொன்னால் அது துக்கம். பக்கத்தில் நிற்கும் விவரம் தெரிந்தவர்களும், சில நேரம் எழுதுகிற காவலரும் அதையே நம்புவதுதான் கேடு. பட்டியல் நீண்டால் வழக்கு பலப்படும் என்கிறார்கள். குத்தியவனுக்கும் கூட நின்றவனுக்கும் சட்டத்தில் ஒரே தண்டனைதானே என்கிறார்கள்.

சட்டம் அப்படிச் சொல்லவில்லை. இந்திய தண்டனைச் சட்டத்தில் 149 ஆக இருந்து, 2024 ஜூலை 1 முதல் பாரதிய நியாய சன்ஹிதாவில் 190 ஆகியிருக்கும் பிரிவைப் பாருங்கள். ஐந்து பேரோ அதற்கு மேலோ ஒரு சட்டவிரோத நோக்கத்தோடு கூடியிருக்க வேண்டும். அந்தப் பொது நோக்கத்துக்காக அவர்களில் ஒருவர் செய்த குற்றம், அல்லது இது நடக்கக்கூடும் என்று அவர்கள் அறிந்திருந்த குற்றம், அப்போது அந்தக் கூட்டத்தின் உறுப்பினராக இருந்த எல்லாரையும் சேரும். பழைய 34ஆம் பிரிவுக்கு (இப்போது 3(5)) ஐந்து பேர் தேவையில்லை, ஆனால் எண்ணம் எல்லாருக்கும் பொதுவாக இருந்தாக வேண்டும். எந்தக் கை எந்த வெட்டைப் போட்டது என்று காட்ட வேண்டியதில்லை என்பது உண்மைதான். ஆனால் இவர் அந்த நோக்கத்தில் பங்காளி என்பதை ஒவ்வொருவர் விஷயத்திலும் தனியாகக் காட்டியாக வேண்டும். இந்தப் பாதியை நம் ஆட்கள் சௌகரியமாக விட்டுவிடுகிறார்கள்.

1943இல் சிந்து நதிக் கரையில் நடந்த ஒரு சண்டை இதற்குப் பாடம். படகில் போய் நாணல் அறுத்துக்கொண்டு திரும்பியவர்களை, அது எங்கள் நிலத்து நாணல் என்று ஒருவர் மறித்தார். வாய்த்தகராறு முற்றி, மறித்தவர் மேல் மூங்கில் கழியால் அடி விழுந்தது. அவர் அலறியதைக் கேட்டு உறவினர் இருவர் துப்பாக்கியோடு ஓடிவந்தார்கள். ஒருவர் சுட்டதில் படகில் வந்தவர்களில் ஒருவர் செத்தார். இன்னொருவரான மெகபூப் ஷா சுட்டதில் வேறொருவருக்குச் சிறு காயம். கொன்றவர் தலைமறைவாகிவிட, மெகபூப் ஷாவுக்கு மரண தண்டனை விதிக்கப்பட்டது. 1945இல், அன்றைய இறுதி மேல்முறையீட்டு மன்றமான பிரிவி கவுன்சில் அந்தக் கொலைத் தீர்ப்பை ரத்து செய்தது. இருவரும் ஒரே நேரத்தில், ஒரே ஆளைக் காப்பாற்ற, ஒரே மாதிரி ஆயுதத்தோடு வந்திருக்கலாம். அதனால் மட்டும் கொல்வதற்கு இருவரும் முன்கூட்டிச் சேர்ந்து முடிவெடுத்தார்கள் என்று ஆகாது. ஒத்த எண்ணம் வேறு, பொது எண்ணம் வேறு என்று அங்கே வகுத்த கோட்டில்தான் இன்றும் நம் நீதிமன்றங்கள் நடக்கின்றன.

அதே பிரிவி கவுன்சில்தான் அதற்கு இருபது ஆண்டுகளுக்கு முன், கல்கத்தா சங்கரிதோலா அஞ்சலகக் கொலை வழக்கில், நான் முற்றத்தில்தான் நின்றேன் என்ற பரேந்திர குமார் கோஷின் வாதத்தைத் தள்ளியது. அவர் கொள்ளைக்கென்று கூட்டாளிகளோடு திட்டமிட்டு வந்தவர். சத்தம் கேட்டு ஓடிவந்த தம்பியை அவரோடு எப்படி ஒரே தட்டில் வைப்பது?

நம் ஊர்ச் சண்டைகளில் பெரும்பாலானவை இப்படிச் சத்தம் கேட்டு ஓடிவந்து சேர்ந்துகொள்ளும் வகை. திருவிழாவில் தள்ளுமுள்ளு, வரப்புத் தகராறு, டாஸ்மாக் வாசலில் வாய்ச்சண்டை. இரு பக்கமும் காயம், இரு பக்கமும் வழக்கு. இரு தரப்பும் மோதத் துணிந்து இறங்கிய சண்டையில் பொது நோக்கம் என்று ஒன்றைக் கற்பிக்க முடியாது, அவரவர் செயலுக்கு அவரவர்தான் பொறுப்பு என்று உச்ச நீதிமன்றம் பலமுறை சொல்லிவிட்டது.

சரி, பட்டியலை நீட்டினால் என்னதான் ஆகிறது? பத்துப் பேர் ‘கம்பு, அரிவாள், கற்களால் தாக்கினார்கள்’ என்று முதல் தகவல் அறிக்கை சொல்லும். உடற்கூறாய்வு அறிக்கையில் இரண்டே வெட்டு இருக்கும். எதிர்த்தரப்பு வழக்கறிஞருக்கு அது போதும். பட்டியலில் ஏழாவது ஆள் (ஏ-7) எந்தக் கையில் என்ன வைத்திருந்தார் என்று கேட்பார், சாட்சி தடுமாறுவார். பெருங்கூட்ட வழக்குகளில் குறைந்தது இரண்டு மூன்று சாட்சிகளாவது முரணில்லாமல் ஒருவரைச் சுட்டிக்காட்ட வேண்டும் என்ற அளவுகோலை 1964இல் மசால்தி வழக்கில் உச்ச நீதிமன்றம் ஏற்றது. பொய்யாகச் சேர்த்த பெயர்கள் அதில் உதிரும். உதிர்ந்து ஐவருக்குக் கீழே போனால், வேறு ஆட்களும் இருந்தார்கள் என்று நிரூபணமாகாத வரை, 190ஆம் பிரிவே (பழைய 149) நிற்காது. நெல்லையும் பதரையும் பிரித்துப் பார்ப்பது நீதிமன்றத்தின் கடமைதான். பிரிக்கவே முடியாதபடி கலந்து கொடுத்தால் மொத்தமும் போகும். அரிவாள் எடுத்தவனும் சந்தேகத்தின் பலனோடு வெளியே வருவான். செத்தவர் வீட்டாருக்கு இதைவிடப் பெரிய துரோகம் எது?

வேறொரு அழுக்கும் இதில் உண்டு. எதிர்த்தரப்பு வீட்டில் காவலர் தேர்வுக்குப் படிக்கும் பையன் இருந்தால் அவன் பெயரை மறக்காமல் சேர்ப்பார்கள். சந்தேகத்தின் பலனால் விடுதலையானவரையும் குற்ற வழக்கில் சம்பந்தப்பட்டவராகவே கருதும் விதி தமிழ்நாட்டுக் காவல் பணித் தேர்வில் இருப்பது ஊருக்குத் தெரியும். அன்று சண்டையை விலக்கப் போனவனாக இருந்தாலும் அவன் வேலைக் கனவு அத்தோடு முடிந்தது.

இதற்கு ஒரு மறுப்பு வரும், அதை லேசாகத் தள்ளக் கூடாது. ஆள் ஆளாக நிரூபி என்றால் ஆதிக்க சாதிக் கும்பல் தப்பிவிடாதா என்று கேட்பவர்களுக்குக் கேட்க எல்லா உரிமையும் இருக்கிறது. 1997 ஜூன் 30 அன்று மேலவளவில் பேருந்தை மறித்து ஊராட்சித் தலைவர் முருகேசனையும் மேலும் ஐவரையும் வெட்டிக் கொன்றவர்கள், எந்த வெட்டு யாருடையது என்ற கேள்விக்குப் பின்னால் ஒளிய முடிந்திருந்தால் நாடே வெட்கப்பட வேண்டியிருந்திருக்கும். கூட்டுப் பொறுப்பு என்ற ஏற்பாடே அப்படிப்பட்ட கும்பலுக்காகத்தான் இருக்கிறது. அந்த வழக்கில் குற்றம் சாட்டப்பட்டவர்கள் 40 பேர், ஆயுள் தண்டனை பெற்றவர்கள் 17 பேர். சாட்சிகள் பெயர் சொல்லி, இடம் சொல்லி, உயிர்ப்பயத்தை மீறிக் கூண்டில் நின்றதால் கிடைத்த தண்டனை அது. கும்பலின் கொடுமைக்கு ஆளானவர்களுக்குத்தான் துல்லியமான புகார் மற்ற எவரையும்விட அதிகம் தேவை.

ஆகவே புகார் எழுதும் அதிகாரி கேட்க வேண்டிய கேள்விகள் வேறு. யார் எந்தத் தெருவிலிருந்து வந்தார்? வரும்போதே கையில் ஆயுதம் இருந்ததா, அங்கே கிடந்ததை எடுத்தாரா? ‘வெட்டுடா’ என்றது யார், ‘விடுடா’ என்றது யார்? முதல் அடி விழுந்ததும் விலகியவர் யார், தப்பி ஓடியவரைத் துரத்தியவர் யார்? பெயர் தெரியாத ஆளுக்கு ஊரில் தெரிந்த ஒரு பெயரை ஒட்ட வேண்டியதில்லை. ‘அடையாளம் தெரியாத மூவர்’ என்றே எழுதலாம். அவர்கள் அங்கே இருந்தது நிரூபணமானால் ஐந்து என்ற கணக்கில் அவர்களும் சேருவார்கள், ஆட்கள் பிடிபட்ட பிறகு அடையாள அணிவகுப்பு நடத்திக்கொள்ளலாம்.