கண்ணுள் உறையும் பாவை

ஒருவர் கண்ணை மற்றொருவர் அணுகி நின்று உற்று நோக்குங்கால், கருமணியின் நடுவே நோக்குவோரின் உருவம் மிகச் சிறிதாய்த் தோன்றும். ஒளி புகும் புழையாகிய அந்நடுவிடம் இருண்டிருத்தலானும், அதன் முன்னே குவிந்து நிற்கும் தெளிந்த படலம் ஆடிபோல் ஒளியை மீட்டலானும் நிகழும் காட்சி அது. அச்சிற்றுருவைக் கண்டு வியந்த மாந்தர், கண்ணுக்குள் ஒரு குட்டிப் பாவை குடியிருப்பதாகக் கருதினர். அப்பெயரையே அப்புழைக்கும் இட்டனர்.

இற்றை மருத்துவர் வாயில் வழங்கும் 'பியூப்பில்' என்னும் சொல்லின் வரலாறு இதுவே. ஆங்கிலம் போலத் தோன்றும் அச்சொல் ஆங்கிலத்திற்கு உரியதன்று. பிரெஞ்சு வழியாக இலத்தீனிலிருந்து வந்து சேர்ந்தது. இலத்தீனில் 'பூபா' என்பது சிறுமிக்கும், சிறுமியர் வைத்தாடும் பாவைக்கும் பொதுப்பெயர். அதன் குறுமை வடிவமே 'பூபில்லா'. காப்பாளர் பொறுப்பில் வளரும் தந்தையற்ற சிறுவனைக் குறித்த 'பூபில்லுசு' என்பதும் அவ்வேரினதே. மாணவனை ஆங்கிலர் 'பியூப்பில்' என்பதும் அவ்வழி வந்ததே. ஆக, அறிவியலின் அரியணையில் வீற்றிருப்பதாகக் கருதப்படும் அச்சொல், உண்மையில் உரோமர் வீட்டு முற்றத்தில் குழந்தைகளோடு ஆடிய சொல்லேயாகும்.

உரோமருக்கு முன்னரே கிரேக்கர் அப்புழையைக் 'கோரே' என்றனர். இளம்பெண் என்பது அதன் பொருள். பிளேட்டோவின் பெயரால் வழங்கும் 'அல்கிபியாதெசு' என்னும் உரையாடல் நூலும், நோக்குவோர் முகம் கண்ணிற் தோன்றுதலை இப்பெயரோடு இயைத்துப் பேசுகின்றது. உரோமில் மருத்துவத்தின் மொழியாகக் கிரேக்கமே ஓங்கியிருந்தது. மருத்துவருள்ளும் பலர் கிரேக்கரே. எனினும் கி.பி. முதல் நூற்றாண்டில் கெல்சசு என்பார் மருத்துவத்தை எட்டு மடலங்களாக இலத்தீனிலேயே எழுதினார். கண்ணைப் பற்றிக் கூறுமிடத்துப் 'பூபில்லா' என்னும் தம் மொழிச் சொல்லையே ஆண்டார். அயன்மொழிச் சொல்லின்றி அறிவியல் இல்லை என்று அவர் கைகட்டி நிற்கவில்லை. இலத்தீன் மருத்துவ மொழியாய் உயர்ந்தது இத்தகையோர் துணிவினாலேயாம்.

தமிழனுக்கோ அத்துணை உழைப்பும் வேண்டுவதில்லை. பொம்மைக்கும் பெண்ணுக்கும் கண்ணின் நடுவிடத்திற்கும் 'பாவை' என்னும் ஒரே சொல் தமிழில் பண்டே உண்டு. காதலிக்கு இடம் வேண்டுமென்று கருமணியிலுள்ள பாவையை வெளியேறச் சொல்லும் காதலனைத் திருக்குறளின் 'காதற் சிறப்புரைத்தல்' அதிகாரத்தில் காணலாம். சிற்றூர் மக்கள் இன்றும் 'கண்பாப்பா' என்பர். பாப்பாவும் பூபாவும் ஒலியால் ஒத்தல் கண்டு, ஒன்றினின்று மற்றொன்று பிறந்தது எனச் சிலர் விரைந்து முடிவு கட்டுவர். ஒலியொப்புமை ஒன்றே சான்றாகாது. குழந்தைகளின் இதழ் எம்மொழியிலும் எளிதில் எழுப்பும் ஒலி அது. தமிழின் பெருமைக்கு அத்தகைய ஊன்றுகோல் வேண்டுவதுமில்லை. கிரேக்கரும் உரோமரும் கண்ட அதே காட்சியைத் தமிழரும் கண்டனர்; தம் மொழியிலேயே பெயரிட்டனர் என்பதே போதிய பெருமை.

அப்பெயர் இன்று எங்கே? பள்ளிப் பாடநூலில் 'பாவை' உண்டு. மருத்துவக் கல்லூரி வாயிலில் அது நின்றுவிடுகின்றது. உள்ளே ஆங்கிலமே கோலோச்சுகின்றது. கண்மருத்துவமனையில் சொட்டு மருந்து விடுவோர், "பியூப்பில் டைலேட் ஆகட்டும்" என்கின்றனர். வந்திருக்கும் முதியவள் ஒன்றும் விளங்காது, தன் கண்ணுக்கு என்ன நேருமோ என்று நடுங்குகின்றாள். "பாவை விரியட்டும், பாட்டி, சிறிது நேரம் பார்வை மங்கும், வெளிச்சம் கூசும்" என்றால் அவள் அச்சம் அகலும். சொல்லின் தாழ்ச்சி அன்று இது, சொல்வோரின் தாழ்ச்சி.

தமிழில் மருத்துவம் கற்பித்தல் இயலாது என்பார்க்கு யாழ்ப்பாணம் விடை கூறும். 1847இல் அங்கு வந்த அமெரிக்க மருத்துவர் சாமுவேல் பிசுக் கிறீன், மானிப்பாயில் மேலை மருத்துவத்தைத் தமிழிலேயே கற்பித்து மருத்துவரை உருவாக்கினார். உடற்கூற்று நூல்களையும் தமிழாக்கினார். அவர் நூல்களில் வடசொல் மலிந்திருந்தமை உண்மையே. ஆயினும், கடல் கடந்து வந்த ஒருவர் செய்து காட்டியதைத் தமிழ்மண்ணில் பிறந்தோர் செய்யவொண்ணாது என்பது நாணத்தக்கது.

உரோமன் தன் குழந்தையின் சொல்லை உலக மருத்துவர் நாவில் ஏற்றினான். தமிழ் மருத்துவர் தம் தாயின் சொல்லைத் தம் நாவிலேனும் ஏற்றட்டும். கண்ணுள் உறையும் பாவையைக் கண்ணே போற் காக்கட்டும்!