ஊர்ச் சொத்தின் மேல் தனி முத்திரை

பழந்தமிழ் நூல்களின் மின்படிகளில் பக்கத்துக்குப் பக்கம் © குறியைப் பதித்த முடிவு மாறாது என்று மின்னுருவாக்கக் குழு கைவிரித்துவிட்டது. முறையிட்ட பேராசிரியர்களுக்கும் ஆய்வு மாணவர்களுக்கும் கிடைத்த விளக்கம் 'நூல்களின் பாதுகாப்பு கருதி' என்ற ஒற்றை வரிதான். யாரிடமிருந்து பாதுகாப்பு? படிக்க வருகிறவர்களிடமிருந்தா?

அந்த முத்திரை எங்கே விழுந்திருக்கிறது என்று பாருங்கள். உ.வே.சாமிநாதையர் 1937-இல் வெளியிட்ட குறுந்தொகைப் பதிப்பு அது. ஏட்டுச் சுவடிகளை ஒப்புநோக்கி, ஒவ்வொரு பாட்டுக்கும் பிரதிபேதங்களைப் 'பி-ம்' என்ற குறியோடு பொடி எழுத்தில் தந்திருக்கிறார் ஐயர். ஆய்வாளர்கள் அந்தப் பதிப்பைத் தேடிப் போவதே பெரும்பாலும் அதற்காகத்தான். பக்கத்தின் குறுக்கே சாய்ந்து கிடக்கும் சாம்பல் நிற உரிமைக் குறிப்பு சரியாக அந்த வரிகளின் மேல் ஏறி உட்கார்ந்திருக்கிறது. பாடம் 'ன'கரமா 'ண'கரமா என்று கண்ணை இடுக்கிக்கொண்டு பார்க்க வேண்டியிருக்கிறது. பக்கங்களை எழுத்துருவாக்க முயன்றால், மென்பொருள் முத்திரையையும் பாட்டையும் கலந்துகட்டி ஏதோ ஒன்றைத் துப்புகிறது. பார்வையற்ற மாணவர்கள் படிப்பது அந்த எழுத்துருவைத் திரைவாசிப்பான் வழியே கேட்டுத்தான். பாட்டின் நடுவே குழுவின் பெயரை அவர்கள் கேட்டுத்தான் தீர வேண்டுமா?

சட்டம் என்ன சொல்கிறது? இந்தியாவில் ஓர் ஆசிரியரின் எழுத்துக்கு அவர் வாழ்நாளும் அதற்குப் பின் 60 ஆண்டுகளும் பதிப்புரிமை உண்டு. 50 ஆண்டாக இருந்ததை, தாகூரின் நூல்கள் பொதுவுக்கு வந்துவிடும் என்ற நிலையில் 1992-இல் 60 ஆக்கினார்கள். ஐயர் மறைந்தது 1942-இல். நீட்டிய கணக்கின்படி பார்த்தாலும் 2002-ஆம் ஆண்டோடு அவர் நூல்களின் உரிமைக் காலம் முடிந்துவிட்டது. சங்கப் பாடல்களுக்கு உரிமை கேட்க யாருமே இல்லை. பழைய பக்கத்தை ஸ்கேன் செய்ததால் புது உரிமை பிறக்கும் என்கிறார்களா? வெறும் உழைப்பும் செலவும் பதிப்புரிமை தராது, கொஞ்சமாவது படைப்புத்திறன் வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2007-லேயே, சட்டத் தீர்ப்புத் தொகுப்புகள் தொடர்பான வழக்கில் சொல்லிவிட்டது. கண்ணாடிப் பலகையில் புத்தகத்தைக் கவிழ்த்து வைப்பதில் என்ன படைப்புத்திறன்?

இந்தக் குறி இருந்தால்தான் உரிமை என்பதும் இல்லை. பெர்ன் ஒப்பந்தம் 1908-லேயே அத்தகைய சடங்குகள் வேண்டாம் என்றது. © குறியை உலகுக்குப் பரப்பியது 1952-ஆம் ஆண்டின் ஜெனிவா உடன்படிக்கை. உரிமைக் குறிப்பைக் கட்டாயமாக்கியிருந்த அமெரிக்காவே 1989-இல் அதைக் கைவிட்டது. ஆக, உரிமை உள்ள நூலில் இந்தக் குறி ஒரு தகவல். உரிமை இல்லாத நூலில் அது பொய். மோசடியாக உரிமைக் குறிப்பு இட்டால் அமெரிக்காவில் 2,500 டாலர் வரை அபராதம் உண்டு. நம் சட்டத்தில் திருட்டுப் பதிப்புக்கு மூன்றாண்டு வரை சிறை. பொய்க் குறிப்புக்கென்று தனித் தண்டனை எதுவும் இல்லை. அந்தத் துணிச்சல்தான் போலும்.

இந்தக் குழுவின் பழைய கணக்கையும் புரட்டிப் பார்க்கத் தோன்றுகிறது. முதல் தவணையில் வந்த மின்படிகளில் பக்கங்கள் விடுபட்டிருந்தன. சிலவற்றில் ஸ்கேன் செய்தவரின் கட்டைவிரல் எழுத்தை மறைத்தது. உரையாசிரியர்களை நூலாசிரியர்களாக்கிய பட்டியலைப் பலர் எழுதிக்கேட்டும் திருத்தவில்லை. தளத்தைப் புதுப்பிக்கிறோம் என்று பழைய முகவரிகளை எல்லாம் செத்துப்போக விட்டார்கள். ஆய்வேடுகளில் கொடுத்திருந்த சுட்டிகள் இன்று வெற்றுப் பக்கத்தில் போய் நிற்கின்றன. இவற்றில் ஒன்றுக்காவது யாராவது பதில் சொன்னார்களா? இன்னும் கேளுங்கள்: உரிமையைக் காக்கப் புறப்பட்ட இவர்கள்தான், உயிரோடு இருக்கும் ஓவியர் ஒருவரின் படத்தை நாட்காட்டியில் அவர் பெயர்கூடப் போடாமல் அச்சிட்டார்கள். படைத்தவர் தன் பெயரைக் கோரும் உரிமை பதிப்புரிமைச் சட்டத்தின் 57-ஆம் பிரிவில் இருக்கிறது. பெயர் போட வேண்டிய இடத்தில் போடவில்லை. போடக் கூடாத இடத்தில் பக்கந்தோறும் போடுகிறார்கள். ஊர்க் கிணற்றில் தன் பெயரை எழுதிவைத்துவிட்டு, தண்ணீர் எடுக்க வருகிறவர்களை அதட்டுகிற வேலை இது.

இதே மண்ணில்தான் 1949-இல் ஓமந்தூரார் அரசு பாரதியின் படைப்புகளின் உரிமையை வாங்கியது. பிறகு அவை மக்களுக்கே விடப்பட்டன. பாரதி பாடல்களின் ஒலிபரப்பு, இசைத்தட்டு உரிமையை வைத்திருந்த ஏவி.மெய்யப்பன் காசு வாங்காமல் விட்டுக்கொடுத்தார். ஒரு வணிகருக்கு இருந்த அந்தப் பெருந்தன்மை, மக்கள் பணத்தில் இயங்கும் ஒரு குழுவுக்கு இல்லையே!

மக்கள் வரிப்பணத்தில் இயந்திரம் வாங்கி, மக்கள் வரிப்பணத்தில் ஆள் போட்டு, மக்களுடைய நூலைப் படியெடுத்து, கடைசியில் அந்த மக்களையே திருடர்களாகப் பார்க்கும் புத்தி எங்கிருந்து வந்தது? குழு தன் போக்கை மாற்றிக்கொள்ள வேண்டும். மாற்றிக்கொள்ளாவிட்டால், குழுவையே மாற்றும் அதிகாரம் உள்ளவர்கள் இனியும் வாய்மூடி இருக்கக் கூடாது.