பகலில் தெரியாத அருந்ததி

சென்ற வைகாசியில் என் அண்ணன் மகள் கல்யாணம் இங்கே நாகபுரியிலேயே நடந்தது. அம்மி மிதித்தானதும் புரோகிதர் மணமக்களைப் பந்தலுக்கு வெளியே அழைத்து வந்தார். காலை பத்து மணி வெயில். ஆகாயத்தை நோக்கிக் கையை நீட்டி, "அருந்ததி தெரிகிறதா?" என்று கேட்டார். மாப்பிள்ளை கண்ணைச் சுருக்கிக்கொண்டு, "தெரிகிறது" என்றார். எல்லோரும் சிரித்தோம். 1987-இல் நானும் அப்படிச் சொன்னவன்தான்.

ஆனால் இருப்புப்பாதைப் பிரிவில் காலம் தள்ளியவனுக்குக் கணக்குப் போட்டுப் பார்க்காவிட்டால் தூக்கம் வராது. அன்றிரவே காகிதமும் பென்சிலுமாக உட்கார்ந்தேன். வைகாசி மாதத்தில் காலை பத்து மணிக்கு அருந்ததி நாகபுரியின் அடிவானத்துக்குக் கீழே சுமார் 14 டிகிரி இறங்கியிருக்கிறது. சென்னையில் இன்னும் கீழே. புரோகிதர் வானத்தைக் காட்டியதற்குப் பதில் பூமியைக் காட்டியிருக்க வேண்டும்! அதே நாள் இரவு ஒன்பது, ஒன்பதரைக்கு வடக்கே உச்சியை ஒட்டி வந்து நிற்கிறது. அப்போது நாம் மொய்ப்பணம் எண்ணிக்கொண்டிருந்தோம்.

இதைச் சாப்பாட்டுப் பந்தியில் நடந்த இன்னொன்றோடு சேர்த்துப் பார்க்க வேண்டும். ஒரு பையன் கைப்பேசியில் வந்த செய்தியை உரக்கப் படித்தான். மற்ற இரட்டை நட்சத்திரங்களில் ஒன்று நிற்க மற்றொன்று அதைச் சுற்றுமாம். வசிஷ்டரும் அருந்ததியும் மட்டும் ஒன்றையொன்று சுற்றுகிறார்களாம். இதை அறிந்தே நம் முன்னோர்கள் தம்பதிகளுக்குக் காட்டினார்களாம். பந்தியில் கைதட்டல்.

எனக்குக் கை எழவில்லை. எந்த இரட்டை நட்சத்திரமானாலும் இரண்டும் தங்கள் பொது எடை மையத்தைத்தான் சுற்றும். பூமியும் சந்திரனும்கூட அப்படித்தான். இந்த இருவருமோ சுமார் 80 ஒளியாண்டு தூரத்தில் ஒரே திசையில் சேர்ந்து பயணம் செய்கிறார்கள் என்பது உறுதி. ஒருவரையொருவர் சுற்றுகிறார்களா என்பது விஞ்ஞானிகளிடையே இன்னும் முடிவாகவில்லை. சுற்றினாலும் ஒரு சுற்றுக்கு லட்சக்கணக்கான ஆண்டுகள் ஆகும். அதை எந்த முன்னோர் உட்கார்ந்து பார்த்தார்?

உண்மைக் கதை இதைவிடச் சுவையானது. 1617-இல் கலிலியோவும் அவர் சீடர் காஸ்டெல்லியும் தொலைநோக்கியில் பார்த்தபோது, வசிஷ்டரே இரண்டாகத் தெரிந்தார். அந்த இரண்டில் பெரியதும் இரட்டையே என்பதை 1889-இல் அமெரிக்காவில் பிக்கரிங் அறிவித்தார். ஒளியைப் பிரித்துப் பார்க்கும் முறையில் அகப்பட்ட முதல் இரட்டை அதுதான். பின்னர் சிறியதும் இரட்டை என்று தெரிந்தது. 2009-இல் அருந்ததிக்கும் ஒரு மங்கலான துணை அகப்பட்டது. ஆக மொத்தம் ஆறு பேர். தனிக்குடித்தனம் என்று நினைத்தது கூட்டுக்குடும்பமாக முடிந்தது.

இவை எதுவும் முன்னோர்களுக்குத் தெரியாது. தெரிந்திருக்க வேண்டிய அவசியமும் இல்லை. வெறுங்கண்ணால் அந்தச் சின்ன ஒளியைப் பிரித்தறிந்து பெயர் வைத்தார்கள். வடமீன் என்று சங்கப் புலவர்கள் கற்புக்கு உவமை சொன்னார்கள். முதலில் பெரியதைக் காட்டி, பிறகு பக்கத்திலிருக்கும் சிறியதைக் காட்டும் வழியை 'அருந்ததி நியாயம்' என்று பாடம் சொல்லும் முறையாகவே ஆக்கினார்கள். இது போதாதா? பொய்ச் சான்றிதழ் எதற்கு?

சொந்த விஷயம் ஒன்று. 1999-இல் நாங்கள் ஆம்லா ரயில்வே காலனியில் இருந்தோம். இருண்ட வானம், மொட்டை மாடியில் படுத்தால் நட்சத்திரங்கள் கொட்டிக் கிடக்கும். ஒரு நாள் என் அம்மா திடீரென்று தன் சங்கிலியைக் கழற்றி என் மனைவியிடம் கொடுத்துவிட்டார். சரியாகச் சாப்பிடவும் இல்லை. இரண்டு வாரம் துருவித் துருவிக் கேட்டபின் சொன்னார்: "அருந்ததி தெரியலடா. ஆறு மாசம்தான்." கிராமத்தில் அப்படி ஒரு நம்பிக்கை. ஜப்பானிலும் இதே நட்சத்திரத்துக்கு 'ஆயுள் நட்சத்திரம்' என்று பெயர். தெரியாவிட்டால் அந்த வருஷம் தாண்டாது என்பார்களாம். வயதானால் பார்வை மங்கும், மங்கியவர்கள் சீக்கிரம் போவார்கள் என்று இரண்டு நாட்டிலும் யாரோ கவனித்திருக்கிறார்கள். அம்மாவுக்கு இருந்தது கண்புரை. அறுவை சிகிச்சை ஆனது. அடுத்த கோடையில் அதே மாடியில் நின்று, "அதோ, வசிஷ்டருக்குப் பக்கத்தில்" என்று எனக்கே காட்டினார். 2011 வரை இருந்தார்.

அதனால்தான் பார்க்காததைப் பார்த்ததாகச் சொல்வது எனக்கு உறுத்துகிறது. ரயில்வேயில் தெரியாத சிக்னலைத் தெரிந்ததாகச் சொன்னவனுக்கு வேலை போகும். இங்கே புது தம்பதி சேர்ந்து சொல்லும் முதல் வார்த்தையே அதுவாக இருக்கிறது. சடங்கு வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. காலையில் மந்திரம் நடக்கட்டும். வசதிப்பட்ட ஓர் இரவில் வீட்டார் மாடிக்கு அழைத்துப்போய் நிஜமாகவே காட்டட்டும். இங்குள்ள அண்டை வீட்டார் பலர் இரவில்தான் கல்யாணம் செய்கிறார்கள். துருவனை நேரில் காட்ட முடிகிறது. நமக்கு மட்டும் ஏன் கூடாது? வடக்கே வந்ததில் நமக்கு ஒரு லாபமும் உண்டு. சென்னையில் 48 டிகிரி உயரம் வரும் அருந்ததி, நாகபுரியில் 56 டிகிரி ஏறுகிறது.

பார்ப்பது கஷ்டமில்லை. சப்தரிஷி மண்டலத்தில் நான்கு நட்சத்திரம் கட்டில் போல, மூன்று வால் போல. வாலின் நடுவில் இருப்பவர் வசிஷ்டர். ஒட்டினாற்போல் அருந்ததி. இடைவெளி ஒரு டிகிரியில் ஐந்தில் ஒரு பங்கு: அகலப்பாதையின் இரண்டு தண்டவாளங்களை அரை கிலோமீட்டர் தள்ளி நின்று பார்த்தால் எவ்வளவோ அவ்வளவு. நல்ல கண்ணுக்கு அது தாராளம். தொல்லை தருவது தெருவிளக்கு வெளிச்சம்தான். வசிஷ்டரைப்போல் சுமார் ஆறில் ஒரு பங்கு ஒளிதான் அருந்ததிக்கு.

வருகிற மே மாதம் அமாவாசையை ஒட்டி ஒரு சனிக்கிழமை, இரவு ஒன்பது மணிக்குச் சங்கக் கட்டட மாடியைத் திறந்துவிடச் செயலாளரைக் கேட்டிருக்கிறேன். மாடி விளக்குகளை அணைக்க வேண்டும். என்னிடம் ஒரு பழைய பைனாகுலர் இருக்கிறது, கொண்டு வருகிறேன். அண்ணன் மகளும் மாப்பிள்ளையும் வருவதாகச் சொல்லியிருக்கிறார்கள். கண்ணாடி அணிபவர்கள் மறக்காமல் எடுத்து வரவும்.