தாமரைக்குச் சொந்தம் அல்லி அல்ல

தாமரையும் அல்லியும் ஒரே குளத்தில் பூக்கின்றன. இரண்டுக்கும் வட்ட இலை, சேற்றுக்குள் கிழங்கு, அடுக்கடுக்காய் இதழ். லின்னேயஸ் 1753-ல் இரண்டையும் ஒரே பேரினத்தில் சேர்த்தார். அடுத்த நூற்றாண்டில் பெந்தாமும் ஹூக்கரும் ஒரே குடும்பத்தில் வைத்தார்கள். இன்று அந்தச் சொந்தம் அறுந்துவிட்டது. இப்போது தாமரைக்கு நெருங்கிய உறவு என்று தாவரவியல் காட்டுவது காஷ்மீரின் சினார் மரத்தையும், நீலகிரித் தேயிலைத் தோட்டங்களில் நிழலுக்கு வளர்க்கும் சில்வர் ஓக்கையும்.

நம்பக் கடினமாக இருக்கலாம். ஆனால் நுண்ணோக்கி முன்பே துப்பு தந்திருந்தது: தாமரையின் மகரந்தத் துகளில் மூன்று பிளவுகள் உண்டு, அல்லியின் துகளில் அப்படி இல்லை. 1993-ல் மார்க் சேஸும் 41 ஆய்வாளர்களும் சுமார் 500 விதைத் தாவரங்களின் பசுங்கணிக மரபணு ஒன்றை ஒப்பிட்டபோது தாமரை சினார் பக்கம் போய் நின்றது. நீரில் வாழ்ந்தே தாமரையும் அல்லியும் ஒன்றுபோல் ஆகியிருக்கின்றன. தோற்றம் சூழலால் வந்ததா, முன்னோரிடமிருந்து வந்ததா என்று பிரித்தறிவதுதான் வகைப்பாட்டின் உண்மையான வேலை.

லின்னேயஸ் பெரும்பாலும் மகரந்தத்தாள்களை எண்ணித் தாவரங்களை 24 வகுப்புகளாகப் பிரித்தார். செடியை அடையாளம் காண எளிய வழி. உறவைச் சொல்லாத வழி. பெந்தாமும் ஹூக்கரும் 1862 முதல் 1883 வரை வெளியிட்ட நூலில் பல பண்புகளைச் சேர்த்துப் பார்த்தார்கள். அவர்களுடைய விவரிப்புகளின் துல்லியத்தை இன்றும் வியக்கலாம். ஆனாலும் பூவே இல்லாத பைனையும் சைக்கஸையும் இருவித்திலைகளுக்கும் ஒருவித்திலைகளுக்கும் நடுவில் செருகிவிட்டார்கள்.

தாவரங்களை வகைப்படுத்தும் சிந்தனைக்குத் தமிழில் நீண்ட வரலாறு உண்டு. தொல்காப்பியத்தின் மரபியல், வயிரம் (தண்டின் கெட்டியான பகுதி) வெளியே இருந்தால் புல், உள்ளே இருந்தால் மரம் என்கிறது. பனையும் மூங்கிலும் புல்லாகின்றன. தண்டின் அமைப்பைக் கூர்ந்து பார்த்தவர்களின் கணிப்பு இது, உறவைத் தேடியதல்ல. இருந்தும் ‘புல்’ என்ற தொகுதி பெருமளவு இன்றைய ஒருவித்திலைக் குழுவோடு பொருந்துகிறது. மரபணு ஆய்வுக்குப் பின்னும் ஒருவித்திலைகள் ஒரே கிளையாக நிற்கின்றன. உடைந்தது இருவித்திலைகளின் பழைய கூட்டம்தான். மிளகு, வெற்றிலை, இலவங்கப்பட்டை, சீதாப்பழம் ஆகியவை இப்போது தனிக் கிளை. அல்லி அவற்றுக்கும் முன்பே பிரிந்துவிட்டது.

உறவு தெரிந்தால் என்ன பயன்? முருங்கை வேரைக் கடித்தால் கடுகின் காரம். பப்பாளி விதையிலும் அதே நெடி. பழைய பட்டியலில் இவை வெவ்வேறு மூலைகளில் கிடந்தன. கடுகுக் காரத்துக்கு மூலமான வேதிப்பொருள் உள்ள குடும்பங்கள் உறவாக இருக்கலாம் என்று ஸ்வீடனில் பிறந்த தாவரவியலாளர் ரோல்ஃப் டால்கிரென் 1970-களிலேயே கருதினார். மரபணு அதைப் பெரும்பாலும் உறுதிசெய்தது. விலக்கும் கிடைத்தது: புத்திரஞ்சீவி இந்தக் காரத்தைத் தனியாகவே உருவாக்கிக்கொண்ட மரம். ஒரே பண்பை மட்டும் நம்பினால் எப்படித் தவறிப்போகும் என்பதற்கு இதைவிட நல்ல பாடம் கிடைக்காது.

மரபணு உறவை அடிப்படையாகக் கொண்ட ஏபிஜி (Angiosperm Phylogeny Group) வகைப்பாட்டின் 2016-ல் வெளியான நான்காம் பதிப்பு பூக்கும் தாவரங்களை 64 துறைகள், 416 குடும்பங்கள் என அடுக்குகிறது. நம் கல்லூரிகள் பலவற்றிலோ குடும்பப் பாடத்துக்கும் செய்முறைக்கும் பெந்தாம்-ஹூக்கர்தான் இன்னும் அடிப்படை. புதிய முறை பெரும்பாலும் ஒரு குறிப்போடு முடிந்துவிடுகிறது. ஹெர்பேரிய அலமாரிகளில் பழைய வரிசையே இருக்கட்டும். லட்சக்கணக்கான மாதிரிகளை இடம் மாற்றுவது வீண் சிரமம். வகுப்பறைக்கு அந்தக் கட்டாயம் இல்லை. தேக்கு முன்பு வெர்பினேசியில் இருந்தது, இப்போது துளசியின் குடும்பத்தில் இருக்கிறது என்பதை மாணவர் மனப்பாடம் செய்யத் தேவையில்லை. தேக்கின் இளங்கிளை, நொச்சிக் கொம்பு, துளசித் தண்டு மூன்றையும் மேசையில் வைத்தால் போதும். மூன்றிலும் நாற்கோணத் தண்டு கையில் தட்டுப்படும், இலைகள் எதிரெதிராய் நிற்கும். மரபணு வரைபடத்தை அதற்குப் பிறகு காட்டலாம்.