கடலை வென்ற பையன்

மரக்காணத்தில் ஒரு பக்கம் உப்பளம். மறு பக்கம் கடல். அங்குள்ள பிள்ளைகளுக்கு இரண்டும் பழக்கம்.

அந்த ஊர்ப் பையன் ஒருவன், "நான் நீச்சல் வீரன் ஆகப் போகிறேன்" என்று வீட்டில் சொன்னால் என்ன நடக்கும்? "முதலில் படிக்கிற வழியைப் பாரடா!" என்பார் அப்பா. அவர் சொல்வதிலும் நியாயம் இருக்கிறது. குற்றாலீசுவரன் கதையைக் கேட்டால் அது புரியும்.

குற்றாலீசுவரன் 1981-ம் ஆண்டு பிறந்தவர். ஈரோட்டுப் பிள்ளை. சென்னையில் வளர்ந்தார். 1994 ஏப்ரல் மாதம் பாக் ஜலசந்தியை நீந்திக் கடந்தார். இலங்கைக்கும் நமக்கும் நடுவே உள்ள கடல் அது. அப்போது அவருக்கு வயது 12!

1997-ல் ஒரே ஆண்டில் 6 ஜலசந்திகளை நீந்தினார். அவற்றில் ஆங்கிலக் கால்வாயும் ஒன்று. கால்வாய் என்றதும் மரக்காணம் பக்கிங்காம் கால்வாய் போல என்று எண்ணிவிடாதீர்கள். அதுவும் கடல்தான். மிகக் குறுகிய இடத்திலேயே அகலம் சுமார் 33 கிலோ மீட்டர். கோடையிலும் உடல் விறைக்கும் குளிர்.

அதற்கு முன்பு, 1966-ல் வங்காளத்து வீரர் மிகிர்சென் ஒரே ஆண்டில் 5 இடங்களை நீந்தியிருந்தார். அந்தச் சாதனையைத் தமிழ்ப் பையன் முறியடித்தான். அர்ஜுனா விருதும் கிடைத்தது.

பிறகு என்ன ஆயிற்று? நீச்சலை நிறுத்தினார். செலவு தாங்கவில்லை. பொறியியல் படித்தார். அமெரிக்காவுக்குப் போனார்.

நீந்துவதற்கு என்ன செலவு என்று கேட்கலாம். கடலில் நீந்துகிறவருக்குத் துணைப் படகு வேண்டும். சாப்பாட்டைப் படகிலிருந்துதான் நீட்டுவார்கள். வீரர் படகைத் தொடக் கூடாது. தொட்டால் சாதனை போயிற்று! தொடக் கூடாத அந்தப் படகுக்கும் வாடகை உண்டு. பயிற்சியாளர், மேற்பார்வையாளர், வெளிநாட்டுப் பயணம் எல்லாவற்றுக்கும் பணம் வேண்டும். மிகிர்சென் பாக் ஜலசந்தியை நீந்தியபோது நம் கடற்படை துணைக்குப் போனது. எல்லோருக்கும் அது கிடைக்குமா?

2008-ல் பீஜிங் ஒலிம்பிக்கில் 10 கிலோ மீட்டர் திறந்த நீர் நீச்சலையும் சேர்த்தார்கள். கடலோரப் பிள்ளைகளுக்கு அது ஒரு வாசல். ஆனால் அலையில் விளையாடுவது வேறு, பந்தயத்தில் நீந்துவது வேறு. கை வீசுவதற்கும் மூச்சு விடுவதற்கும் முறை உண்டு. சொல்லித் தர ஆள் வேண்டும். வங்கக் கடலில் பிள்ளைகளைத் தனியே இறக்கவும் முடியாது.

மழை பிடித்தால் உப்பளத்தில் வேலை இல்லை. அந்த மாதங்களில் அடுப்பு எரிவதே பாடு. அப்படிப்பட்ட குடும்பம் படகுக்கு எங்கே போகும்? கடலோரப் பள்ளிகளுக்கு ஒரு நீச்சல் ஆசிரியரையும், ஒரு படகையும் அரசாங்கம்தான் கொடுக்க வேண்டும்.

தமிழ்நாட்டில் விளையாட்டு வீரர்களுக்கு அரசு வேலையில் 3 சதவீத ஒதுக்கீடு உண்டு. நல்ல ஏற்பாடு. ஆனால் அது ஜெயித்து வந்த பிறகு கிடைப்பது. படகு வாடகை அதற்கு முன்பே கொடுக்க வேண்டியது.