மாஸ்டர் யாரிடம் இருக்கிறது?

தியேட்டருக்கு லீஸில் கொடுத்த டிஜிட்டல் கருவியில் தங்களிடம் புராசஸ் ஆன படத்தைத்தான் ஓட்ட வேண்டும் என்று ஒப்பந்தத்தில் எழுதி வைப்பது போட்டிச் சட்டத்தின் 3(4) பிரிவுக்கு எதிரானது என்று 2025 ஏப்ரலில் இந்தியப் போட்டி ஆணையம் சொல்லிவிட்டது. இந்தக் கருவிகளைக் கொடுக்கும் யூஎஃப்ஓவுக்கும் அதன் குழும நிறுவனமான ஸ்க்ராபிளுக்கும் சேர்த்து 1.04 கோடி ரூபாய் அபராதம். க்யூபுக்கு 1.65 கோடிக்குச் சற்று மேல். இனி இப்படி ஒரு நிபந்தனையோடு புது ஒப்பந்தம் போடக் கூடாது, இருக்கிற ஒப்பந்தங்களையும் திருத்த வேண்டும் என்பது உத்தரவு. புகார் கொடுத்தவர்களில் ஒன்று பிரைம் ஃபோகஸ் குழுமத்தின் நிறுவனம் என்பதால் இதைப் பெரிய கைகளின் சண்டை என்று ஒதுக்கிவிட வேண்டாம். சாலிகிராமத்தில் இரண்டு அறை எடுத்து மாஸ்டரிங் செய்கிறவருக்கும் இந்தத் தீர்ப்பில் பங்கு உண்டு.

இந்த இதழ் உத்தரவை வரவேற்கிறது. மேல்முறையீட்டுக்குத் தீர்ப்பாயம் இருக்கிறது, அதற்கு அறுபது நாள் அவகாசமும் சட்டத்தில் இருந்தது. அங்கே என்ன ஆனாலும், புராசஸிங் ஒரு தனிச் சந்தை, கருவியைக் கொடுத்தவர் அந்தக் கருவியைக் காட்டி அந்தச் சந்தையையும் வளைத்துக்கொள்ள முடியாது என்ற வாதம் இப்போது எழுத்தில் ஏறிவிட்டது.

நியாயத்தையும் சொல்லிவிட வேண்டும். இந்த இரண்டு நிறுவனங்களும் இல்லாமல் போயிருந்தால் பி, சி சென்டர் தியேட்டர்களில் பாதி 2010-ஐத் தாண்டியிருக்காது. ஒரு பிரிண்ட்டுக்கு அரை லட்சம் ரூபாய் அளவுக்குக் கொட்டி, ஏ சென்டரில் ஓடித் தேய்ந்த பெட்டி மூன்றாவது மாதம் வந்து சேரும் வரை காத்திருந்த ஊர்களுக்கு முதல் நாள் முதல் காட்சியைக் கொண்டுபோனவர்கள் அவர்கள். அந்த முதலீட்டை மீட்க தயாரிப்பாளர்களிடம் விபிஎஃப் என்ற கட்டணம் வாங்கினார்கள். எப்போது மீட்டு முடிக்கிறார்கள் என்பதுதான் தகராறு. அமெரிக்காவில் செலவு மீண்டதும் முடியும் என்று ஒப்பந்தத்திலேயே எழுதி, 2010-களின் முடிவுக்குள் பெரும்பாலும் முடித்தும்விட்டார்கள். இங்கே 2018 மார்ச் 1-இல் தொடங்கி ஏப்ரல் வரை படமே வெளியிடாமல் போராடியும் கட்டணம் குறைந்ததே தவிர முடிவுத் தேதி வரவில்லை. இப்போது வந்த உத்தரவும் அந்தத் தேதியைத் தரவில்லை.

அமலாவதிலும் சிக்கல் இருக்கிறது. வெளியே மாஸ்டர் செய்த டிசிபி (தியேட்டருக்குப் போகும் டிஜிட்டல் படத் தொகுப்பு) அந்த சர்வரில் ஓட வேண்டுமானால், கேடிஎம் (அதன் பூட்டைத் திறக்கும் சாவிக் கோப்பு) எழுத சர்வரின் சான்றிதழ் வேண்டும். எந்தத் திரையில் எந்த சர்வர், போன மாதம் எது மாறியது என்ற பட்டியல் கருவி கொடுத்தவரின் கையில் இருக்கிறது. அதை அன்றன்றைக்குப் பகிராவிட்டால், ஒப்பந்தத்தில் வரியை அடித்தாலும் வியாழக்கிழமை இரவு ஆபரேட்டர் பழைய எண்ணுக்குத்தான் போன் போடுவார். இ-சினிமா திரைகளில் நிலைமை இன்னும் மோசம். அங்கே ஃபார்மேட்டே அவர்களுடையது. சங்கங்கள் முதலில் கேட்க வேண்டியது சான்றிதழ் பட்டியலை.

இவையெல்லாம் பேசித் தீர்க்கக்கூடிய வணிக விஷயங்கள். உத்தரவைப் படித்தபோது என்னைப் பிடித்து நிறுத்தியது வேறு. புராசஸிங் யாரிடம் நடக்கலாம் என்று பக்கம் பக்கமாக ஆராய்ந்த ஆணையத்துக்கு, புராசஸ் ஆன பிறகு அந்தப் படம் யாரிடம் தங்குகிறது என்று கேட்க வேண்டிய அவசியம் வரவில்லை. அது அவர்கள் வேலை இல்லைதான். அப்படியானால் யார் வேலை என்று பல வருடங்களாகக் கேட்டுக்கொண்டிருக்கிறோம்.

சில ஆண்டுகளுக்கு முன் ஒரு சிறு தயாரிப்பாளர் எங்கள் மாஸ்டரிங் அறைக்கு வந்தார். ஓடிடியில் படத்தைக் கேட்கிறார்கள், எடுத்துக் கொடுங்கள் என்றார். துணிப்பையில் ஒரு சிஆர்யூ டிரைவ். செருகினோம், சுழன்றது. அசெட்மேப், பிகேஎல், சிபிஎல், ரீல் ரீலாக எம்எக்ஸ்எஃப் என டிசிபியின் கோப்புகள் எதுவும் குறையாமல் இருந்தன. அத்தனையும் என்கிரிப்ட் ஆனவை. டிகேடிஎம் என்று ஒரு மூலச் சாவி உண்டு, அதை வாங்கி வைத்திருக்க வேண்டும் என்று அவரிடம் யாரும் சொல்லியிருக்கவில்லை. கீ வைத்திருந்த இடம் கடையைக் கட்டிவிட்டது. டிஐ (கலர் வேலை) செய்த இடம், பாக்கி வரவில்லை என்று கொஞ்ச காலம் வைத்திருந்துவிட்டு ஸ்டோரேஜைக் காலி செய்துவிட்டது. தன் படத்தைத் தன் கையில் வைத்துக்கொண்டு பார்க்க முடியாமல் அவர் உட்கார்ந்திருந்தார். கடைசியில் டிவி சேனலுக்குக் கொடுத்த எச்டி கோப்பின் நகல் ஒன்று கிடைத்தது. சேனலுக்காக மியூட் செய்த வசனங்கள் மியூட் ஆனபடியே, சுருக்கிய காட்சிகள் சுருங்கியபடியே. இன்று உலகத்துக்கு அந்தப் படம் என்றால் அதுதான். நம்மில் மாஸ்டரிங் செய்கிற யாரைக் கேட்டாலும் இதுபோல ஒரு கதை சொல்வார்கள்.

நெகட்டிவ் காலத்தில் படங்கள் அழியவில்லையா? அழிந்தன. முதல் தமிழ் பேசும்படம் காளிதாஸ், 1931. ஒரு ரீல் இல்லை. 2003 ஜனவரியில் புனேயில் பற்றிய தீயில் நைட்ரேட் சுருள்கள் எரிந்தே போயின. ஆனால் அந்த முறையில் இரண்டு பாதுகாப்புகள் இருந்தன. யாரும் திட்டமிட்டுச் செய்தவை அல்ல. தொழிலின் நடைமுறையிலேயே அமைந்தவை.

ஒன்று, பிரிண்ட். ஊர் ஊராகப் போன பெட்டிகளில் ஏதோ ஒன்று எங்கோ தங்கிவிடும். ஷ்யாம் பெனகலின் மந்தன் படத்தை மீட்டெடுத்து 2024-இல் கான் விழாவில் திரையிட்டார்களே, அந்த வேலையின் பெரும்பகுதி நம் சென்னையில் பிரசாத்தில் நடந்தது. படத்துக்குக் கேமரா நெகட்டிவ் புனேயின் தேசியத் திரைப்படக் காப்பகத்தில் இருந்தது. ஒலியை ஃபிலிம் ஹெரிட்டேஜ் ஃபவுண்டேஷன் வைத்திருந்த 35 எம்எம் பிரிண்ட்டிலிருந்து எடுத்தார்கள். ஓடித் தேய்ந்த பிரிண்ட்டானாலும் அதை வெளிச்சத்தில் பிடித்தால் படம் தெரியும், ஒலித்தடத்தை ஸ்கேன் செய்தால் குரல் கேட்கும். இன்று ஆயிரம் திரையில் வெளியாகும் படத்துக்கு ஆயிரம் பிரதி இருக்கிறது. ஒவ்வொன்றுக்கும் பூட்டு, ஒவ்வொரு பூட்டுக்கும் காலக்கெடு. ஓட்டம் முடிந்ததும் இடம் வேண்டுமென்று ஆபரேட்டர் சர்வரிலிருந்து அழித்துவிடுகிறார். அவர் மீது தவறில்லை. அவர் அழிக்காமல் வைத்திருந்தாலும் ஐம்பது வருடம் கழித்து அதைக் கண்டெடுப்பவருக்கு ஒரு பயனும் இல்லை.

இரண்டாவது, கடன். இதை வெளியே யாரும் பேசுவதில்லை, நமக்குத் தெரியும். ஃபைனான்ஸியர் பணம் கொடுத்தால் லேப் லெட்டர் வாங்குவார். நெகட்டிவ் லேபில் அடமானம். என் கையெழுத்து இல்லாமல் பிரிண்ட் போடாதே என்று அர்த்தம். அந்த முறையின் கொடுமைகளைத் தயாரிப்பாளர்கள் அனுபவித்திருக்கிறார்கள், அதைப் புகழ வரவில்லை. ஆனால் நெகட்டிவ்தான் சொத்து என்பதால் அதை யாராவது பாதுகாக்க வேண்டியிருந்தது. எந்த டப்பா எந்த அலமாரியில் என்று லேபில் பேரேடு இருந்தது. குளிரூட்டிய அறை இருந்தது. வாடகை பாக்கி இருந்தாலும் தூக்கி எறியப் பயப்பட்டார்கள். இப்போது அடமானம் வைப்பது கேடிஎம்மை. வெள்ளிக்கிழமை காலை வரை பணம் வராவிட்டால் கேடிஎம் போகாது, காட்சி ரத்து. வெளியீட்டு உரிமைதான் பிணை. அது முதல் வாரத்தோடு மதிப்பிழக்கிறது. ஃபைனான்ஸியருக்கு மாஸ்டர் எங்கே இருக்கிறது என்று தெரிய வேண்டியதில்லை. தயாரிப்பாளர் அடுத்த படத்துக்குப் போயிருப்பார். டிஐ கூடத்துக்கு ஸ்டோரேஜ் செலவு. 2013-இல் ஃபூஜி கச்சா ஃபிலிமை நிறுத்தி, நம் லேப்கள் ஒவ்வொன்றாக மூடியபோது, இந்தக் காவலும் சேர்ந்தே போயிற்று. பதிலுக்கு எதையும் ஏற்படுத்தவில்லை.

இதற்கு முன்பே எச்சரிக்கை வந்திருந்தது. ஆஸ்கர் அகாடமியின் அறிவியல் தொழில்நுட்பக் குழு 2007-இல் கணக்குப் போட்டது: ஒரு படத்தின் ஃபிலிம் மாஸ்டரை ஒரு வருடம் காக்க 1,059 டாலர், 4கே டிஜிட்டல் மாஸ்டரைக் காக்க 12,514 டாலர். அதற்குப் பிறகு ஸ்டோரேஜ் விலை சரிந்தது உண்மை. மாற்றி மாற்றி எழுதும் வேலை சரியவில்லை. எல்டிஓ-6 டேப்பை எல்டிஓ-8 டிரைவ் படிக்காது. பீரோவில் வைத்தேன், பத்திரமாக இருக்கிறது என்று சொல்லும் பொருள் அல்ல இது. சில வருடங்களுக்கு ஒருமுறை எடுத்து, செக்சம் பார்த்து, அடுத்த தலைமுறைக்கு எழுத வேண்டும். ஹாலிவுட் ஸ்டூடியோக்கள் செய்கின்றன, பழைய படப் பட்டியல்தான் அவர்களின் சொத்து. நெட்ஃபிளிக்ஸ் தன் சொந்தத் தயாரிப்புகளுக்குக் கலர் செய்ததும் செய்யாததுமாக இரண்டு ஆவண மாஸ்டர் தனியாகக் கேட்டு வாங்குகிறது. அந்தப் பட்டியலைப் பார்த்துவிட்டு நம் தயாரிப்பாளர்கள் எதற்கு இவ்வளவு என்று சலித்துக்கொள்கிறார்கள். 2024-இல் கில்லியை மறுபடி வெளியிட்டபோது கூட்டம் வந்ததைப் பார்த்தோம். 2004 படம், நெகட்டிவில் எடுத்தது. 2015-இல் வெளியான ஒரு வெற்றிப் படத்தை 2035-இல் அப்படி வெளியிட நினைப்பவர் எங்கே போய்க் கேட்பார்?

அரசிடம் கேட்கலாமா? 1954-இல் வந்த சட்டப்படி இந்தியாவில் அச்சாகும் ஒவ்வொரு புத்தகத்தின் பிரதியும் நான்கு நூலகங்களுக்குப் போக வேண்டும். அதில் ஒன்று எழும்பூர் கன்னிமாரா. முப்பது பக்கக் கவிதைத் தொகுப்புக்கும் இந்தக் கடமை உண்டு. இருநூறு கோடி ரூபாய் படத்துக்கு இல்லை. பிரான்ஸில் சட்டப்படி ஒப்படைத்தே ஆக வேண்டும். இங்கே 1964 முதல் காப்பகம் இருக்கிறது, அதற்குக் கொடுத்தே ஆக வேண்டும் என்ற சட்டம் இல்லை. அங்கே பணியாற்றிய பி.கே. நாயர் போன்ற ஒருவர் தயாரிப்பாளர் வீட்டு வாசலில் நின்று கேட்டு வாங்கிய படங்களால் நிரம்பிய காப்பகம் அது. அதையும் 2022-இல் என்எஃப்டிசி என்ற கழகத்துக்குள் கொண்டுபோய் வைத்தார்கள். மீட்டெடுக்கும் திட்டத்துக்குக் கோடிகள் ஒதுக்கியதை மறுக்கவில்லை. அந்தப் பணம் பழைய படத்துக்கு. இந்த வெள்ளிக்கிழமை வெளியாகும் படத்தைக் காக்க ஒரு வரி விதி போதும், அதை எழுத மனம் வரவில்லை.

மனம் வந்த விஷயங்களையும் பார்த்தோம். 2023-இல் ஒளிப்பதிவுச் சட்டத்தைத் திருத்தினார்கள். திருட்டுப் பதிவுக்கு மூன்று மாதம் முதல் மூன்று வருடம் வரை சிறை, தயாரிப்புச் செலவில் 5 சதவீதம் வரை அபராதம். நல்லது. தணிக்கைச் சான்றிதழின் பத்து வருட வரம்பை எடுத்து, காலத்துக்கும் செல்லும் என்றார்கள். அதுவும் நல்லது. சான்றிதழ் என்றென்றைக்கும் செல்லும் என்று எழுதிய அதே மேசையில், சான்றிதழ் பெற்ற படத்தின் பூட்டில்லாப் பிரதி ஒன்று காப்பகத்துக்கு வர வேண்டும் என்று எழுத எவ்வளவு நேரம் ஆகியிருக்கும்? தியேட்டருக்கு வரும் ஒவ்வொரு படமும் தணிக்கை வாரியத்தின் கையைக் கடந்துதான் போகிறது. வேறு எந்தக் கலைக்கும் நாடு முழுவதற்குமாக அப்படி ஒரு வாசல் கிடையாது. அந்த வாசலில் நின்று வார்த்தை வார்த்தையாக மியூட் செய்யச் சொல்ல ஆள் இருக்கிறது, காப்பகத்துக்கான பூட்டில்லாப் பிரதியை வாங்கி வைக்க ஆள் இல்லை. மாநில அரசு பூந்தமல்லி அருகே திரைப்பட நகரம் அமைப்பதாக அறிவித்திருக்கிறது. அதில் படப்பிடிப்புத் தளங்களைப் பற்றிப் பேசுகிறார்கள். குளிரூட்டிய காப்பறை ஒன்றைப் பற்றி ஒருவரும் பேசி நான் கேட்கவில்லை.

போட்டி ஆணையத்தின் உத்தரவால் இப்போது ஒப்பந்தங்களை மறுபடி எழுதப் போகிறோம். இந்த வாய்ப்பு இன்னொரு முறை சீக்கிரம் வராது. புது மாஸ்டரிங் கூடங்கள் விலையைக் குறைத்துப் போட்டிக்கு வரும். வரட்டும். ஆனால் ஐந்து கூடங்கள் இருந்தால் கீ தொலைய ஐந்து இடங்கள். எனவே விலையைப் பேசும் அதே தாளில் ஒப்படைப்பையும் பேசுங்கள். வெளியீட்டுக்கு முப்பது நாளுக்குள் பூட்டில்லாத டிசிபி, டிகேடிஎம், கலர் முடிந்த 16 பிட் ஃப்ரேம்கள், ஒலியின் தனித்தனி ஸ்டெம்கள், வசனமில்லாத எம் அண்ட் இ ஒலித்தடம், செக்சம் பட்டியல் எல்லாம் இரண்டு எல்டிஓவில் தயாரிப்பாளர் கைக்கு வர வேண்டும். இரண்டும் ஒரே ஊரில் இருக்கக் கூடாது. சேவைக் கட்டணப் பாக்கிக்காக வெளியீட்டை நிறுத்தி வைக்கலாம், மாஸ்டரை அழிக்கக் கூடாது. வேறு எந்தக் காரணத்துக்காக அழிப்பதானாலும் அதற்கு முன் தயாரிப்பாளருக்கும் சங்கத்துக்கும் எழுத்தில் தெரிவிக்க வேண்டும். தொண்ணூறு நாள் அவகாசமாவது வேண்டும்.

மாஸ்டரிங் செய்கிற நண்பர்களுக்கு ஒன்று. தயாரிப்பாளர் கேட்காவிட்டாலும் டிகேடிஎம்மைக் கொடுங்கள், என்ன கொடுத்தீர்கள் என்று எழுதிக் கையெழுத்து வாங்குங்கள். ஒப்பந்தத்தில் சேர்க்க வேண்டிய வாசகத்தை வழக்கறிஞர் ஒருவரைக் கொண்டு தயாரித்து வருகிறோம், அடுத்த இதழில் முழுதாக வரும். தயாரிப்பாளர் சங்கமும் திரையரங்கு உரிமையாளர் சங்கமும் இந்த உத்தரவைப் பற்றிப் பேசக் கூடும்போது அதை ஒரு பொருளாக வைக்கும்படி இரண்டு சங்கங்களுக்கும் கடிதம் எழுதுகிறோம். ஒலி, ஒளிப் பெயர்ப்பட்டியலில் பெயர் வருகிற அத்தனை பேரும் அதில் கையெழுத்திட வேண்டும். இதழ் அலுவலகத்துக்கு நேரில் வந்தாலும் சரி, தபாலில் அனுப்பினாலும் சரி.