பழைய படமா? தேதியைப் போடுங்க!



டி.வி.யில் மழைச் செய்தி ஓடும்போது கொஞ்சம் உற்றுப் பாருங்க. செய்தி இன்றைக்கு உள்ளது. ஆனால் காட்டும் வெள்ளம் சில நேரம் போன வருஷத்து வெள்ளம்! மூலையில் 'கோப்புக் காட்சி' என்று பொடி எழுத்தில் இருக்கும். சில சமயம் அதுவும் இருக்காது. "பழைய படம்தானே, போட்டா என்ன?" என்று கேட்பவர்கள் உண்டு. நம்ம ஊர்க்காரங்க அப்படிக் கேட்கக் கூடாது என்பது என் கருத்து.

2024 டிசம்பர் 1-ந் தேதி, ஃபெஞ்சல் புயல் மழையில் நம் மலை சரிந்து வ.உ.சி. நகரில் 7 பேர் இறந்தார்கள். அதில் 5 பேர் நம்மைப் போன்ற பிள்ளைகள். அந்தக் காட்சியை நாடே பார்த்தது. அதையே இன்னொரு மழை நாளில் தேதி இல்லாமல் காட்டினால் என்ன ஆகும்? பெங்களூரில் வேலை பார்க்கும் அண்ணன் பதறிப்போய் போன் போடுவார். பிள்ளையைப் பறிகொடுத்த வீட்டில் மறுபடியும் அழுகை கேட்கும். இரண்டு தடவை இப்படி ஏமாந்தவர், நிஜமாகவே மலை சரியும்போது "இது பழைய படம்பா" என்று சும்மா இருந்துவிடுவார். 'புலி வருது' கதைதான்!

அதற்காகப் பழைய படமே வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. 1950-இல் மறைந்த ரமண மகரிஷி நம் மலையடியில் நடந்து வருவதை இன்றும் நாம் பார்க்கிறோமே, எப்படி? அன்று எடுத்த ஊமைப் படச்சுருளைப் பத்திரமாக வைத்திருந்ததால்தான்!

பழைய படத்தை எப்படி மதிக்க வேண்டும் என்று காட்டியவர் ஒரு தமிழர். கோட்டையூர் ஏ.கே.செட்டியார். காந்திஜியைப் பலர் பல வருஷமாக எடுத்த காட்சிகளை நாடு நாடாகப் போய்த் தேடினார். சுமார் 50,000 அடி படம் சேர்த்தார். அதிலிருந்து உருவான 'மகாத்மா காந்தி' ஆவணப்படம் 1940-இல் தமிழில் வெளிவந்தது. அப்போது இன்டர்நெட் கிடையாது. கப்பலும் கடிதமும்தான்! இன்று ஒரு பட்டனைத் தட்டினால் பழைய காட்சி வந்து நிற்கிறது. அதற்கு ஒரு தேதி போட நேரமில்லையா?

ஆகவே என் வேண்டுகோள் மூன்று:

1. பழைய காட்சி ஓடி முடியும்வரை ஊர், மாதம், வருஷம் பெரிய எழுத்தில் திரையில் இருக்க வேண்டும்.

2. ஓர் ஊர்க் காட்சியை வேறு ஊர்ச் செய்திக்கு ஒட்டுப் போடக் கூடாது.

3. நாமும் செல்போனில் வரும் வீடியோவை "எப்போ எடுத்தது? எங்கே எடுத்தது?" என்று கேட்காமல் அடுத்தவருக்கு அனுப்பக் கூடாது.

பழைய படம் ஒரு சாட்சி மாதிரி. சாட்சி சொல்ல வருபவரிடம் முதலில் பெயரும் ஊரும் கேட்பார்கள் அல்லவா? படத்திடமும் கேட்போம்!

சிந்திப்போம்! செயல்படுவோம்!

- பதினொன்றாம் வகுப்பு மாணவி,
அடி அண்ணாமலை